அந்த ஒரு வியாழக்கிழமை

மேடையில் ஒருவர் துள்ளிக் குதிக்கிறார். கால்கள் தரையை விட்டு எழும்பியதும் டி.வி. திரையில் படம் அப்படியே நின்றுவிடுகிறது. காற்றில் தொங்கிக்கொண்டிருக்கும் ஒரு மனிதர். கோட்டு, டை, வாய் நிறையச் சிரிப்பு. ஒரு கணம்தான். படம் மறுபடி ஓட ஆரம்பிக்கும். அவர் தரையில் இறங்கி, எதுவுமே நடக்காததுபோல அடுத்த போட்டிக்குப் போய்விடுவார்.

1970-களிலும் 80-களிலும் மேற்கு ஜெர்மனியில் வளர்ந்தவர்களுக்கு இந்தக் காட்சியை விளக்கவே வேண்டாம். குதித்தவர் ஹன்ஸ் ரோசென்தால். நிகழ்ச்சியின் பெயர் ‘டல்லி டல்லி’. பெர்லின்காரர்களின் பேச்சு வழக்கில் ‘டல்லி’ என்றால் ‘சீக்கிரம்’. போலந்து மொழியிலிருந்து வந்து ஒட்டிக்கொண்ட வார்த்தை அது.

குடும்பத்தோடு உட்கார்ந்து பார்க்கும் வியாழக்கிழமை இரவு நிகழ்ச்சி. நடிகர், பாடகர், விளையாட்டு வீரர், அரசியல்வாதி எனத் தெரிந்த முகங்கள் இரண்டிரண்டு பேராக வந்து போட்டி போடுவார்கள். 15 நொடிதான் நேரம். ‘சமையலறையில் எதெல்லாம் சத்தம் போடும்?’ என்பது மாதிரி ஒரு கேள்வி. ஜோடியில் இருவரும் மாறி மாறிப் பதில் சொல்லிக்கொண்டே போக வேண்டும். அவசரத்தில் பெரிய மனிதர்கள் எல்லாம் உளறிக் கொட்டுவார்கள். வீட்டில் பார்ப்பவர்களுக்கு அதுதான் கொண்டாட்டம். ஜெயித்த பணம் போட்டியாளர்கள் பைக்குப் போகாது. கஷ்டத்தில் இருக்கும் ஏதாவது ஒரு குடும்பத்துக்குப் போகும்.

யாராவது அபாரமாக ஆடிவிட்டால், அரங்கில் உள்ளவர்கள் கையில் இருக்கும் பட்டனை அழுத்துவார்கள். விளக்குகள் பளிச்சிடும். ரோசென்தால் கூட்டத்தைப் பார்த்து, உங்கள் கருத்து என்ன என்கிற மாதிரி ஒரு வாக்கியத்தை ஆரம்பித்துப் பாதியில் நிறுத்துவார். மொத்த அரங்கமும் ‘ஷ்பிட்ஸே!’ என்று கத்தும். ‘பிரமாதம்’ என்று வைத்துக்கொள்ளலாம். கத்தும்போது அவர் குதிப்பார்.

1978-ஆம் ஆண்டு, தன் நிகழ்ச்சியின் ஒரு தேதியை மட்டும் மாற்றித் தரும்படி அவர் தொலைக்காட்சி நிறுவனத்திடம் கேட்டார். நவம்பர் 9, வியாழக்கிழமை. ‘டல்லி டல்லி’யின் 75-வது நிகழ்ச்சி. அது எந்த நாள், அவருக்கு அது என்ன நாள் என்பதைப் புரிந்துகொள்ள அவருடைய சின்ன வயதுக்குப் போக வேண்டும்.

ஐம்பது போஸ்ட் கார்டுகள்

ஹன்ஸ் பிறந்தது 1925 ஏப்ரல் 2, பெர்லினில். யூதக் குடும்பம். அப்பா குர்ட் வங்கியில் வேலை பார்த்தவர். ஹிட்லர் ஆட்சிக்கு வந்தபோது ஹன்ஸுக்கு வயது ஏழு. யூதர் என்ற ஒரே காரணத்துக்காக அப்பாவின் வேலை பறிபோனது. 1937-இல் அவர் இறந்துவிட்டார். அடுத்த ஆண்டு, 1938 நவம்பர் 9 இரவு, நாடெங்கும் நாஜிக்கள் யூதர்களின் கடைகளை அடித்து நொறுக்கினார்கள். 1,400-க்கும் மேற்பட்ட தொழுகைக்கூடங்கள் அழிக்கப்பட்டன. சுமார் 30,000 யூத ஆண்களைப் பிடித்து வதைமுகாம்களில் அடைத்தார்கள். தெருவெல்லாம் கண்ணாடிச் சில்லுகள். அதனாலேயே ‘கிறிஸ்டல் இரவு’ என்று அந்த இரவுக்குப் பெயர் வந்தது. இவ்வளவு அழகான பெயரை அதற்கு வைத்திருக்கவே கூடாது என்று ஜெர்மானியர்களே இன்று சொல்கிறார்கள். அப்போது ஹன்ஸுக்குப் பதின்மூன்று வயது.

1941-இல் அம்மாவும் போய்விட்டார். மிஞ்சியது ஹன்ஸும், அவரைவிட ஏழு வயது இளைய தம்பி கெர்ட்டும். பள்ளிக்கூடம் போக வேண்டிய வயதில் ஹன்ஸுக்குக் கட்டாய வேலை கொடுத்தார்கள். ஃபுயர்ஸ்டன்வால்டே என்ற ஊரில் கல்லறைக் குழி தோண்டும் வேலை. பிறகு தொழிற்சாலை வேலை. தம்பி பெர்லினில் யூத அனாதைப் பிள்ளைகளுக்கான இல்லத்தில் இருந்தான்.

1942 அக்டோபரில் அந்த இல்லத்துப் பிள்ளைகளைக் கிழக்கே அனுப்பப்போவதாகத் தகவல் வந்தது. புறப்படும் முன் கெர்ட் அண்ணனிடம் தான் செய்துவைத்திருந்த ஓர் ஏற்பாட்டைச் சொன்னான். கையில் இருந்த காசுக்கு ஐம்பது போஸ்ட் கார்டு வாங்கியிருந்தான். எல்லாவற்றிலும் அண்ணனின் முகவரியை எழுதியும் வைத்துவிட்டான். இரண்டு நாளைக்கு ஒன்று வீதம் தபாலில் போடுவது என்று திட்டம். பத்து வயதுப் பையனின் கணக்கு. நூறு நாளைக்கு வரும்.

ஒரு கார்டுகூட வரவில்லை. அக்டோபர் 19 அன்று பெர்லினிலிருந்து ரீகாவுக்குப் புறப்பட்ட ரயிலில் கெர்ட் இருந்தான். அங்கே அவனைக் கொன்றுவிட்டார்கள்.

தோட்டக் குடிலில் இரண்டு ஆண்டுகள்

1943 மார்ச் 27. ஹன்ஸ் தப்பி ஓடினார். வயது பதினேழு முடிந்து பதினெட்டு பிறக்க ஒரு வாரமே இருந்தது. போய் நின்ற இடம், பெர்லின் லிஷ்டன்பெர்க் பகுதியில் ‘திரித்துவம்’ என்று பெயர் கொண்ட தோட்டக் குடியிருப்பு. நகரத்து நடுத்தர வர்க்கமும் தொழிலாளிகளும் சின்னச் சின்னத் துண்டு நிலம் வாடகைக்கு எடுத்து, காய்கறி போட்டு, ஓரத்தில் மரக் குடில் ஒன்றைக் கட்டிக்கொள்வார்கள். இன்றும் ஜெர்மன் நகரங்களில் ரயிலில் போனால் ஜன்னல் வழியாக இந்தத் தோட்டங்களைப் பார்க்கலாம்.

அங்கே இருந்தவர் இடா யாவ்ஹ் என்ற அம்மாள். குடும்பத்துக்குத் தெரிந்தவர். கதவைத் திறந்து, ஓடி வந்த பையனை உள்ளே சேர்த்துக்கொண்டார். யூதரை ஒளித்துவைத்தால் தன் கதி என்னவாகும் என்று அந்த அம்மாளுக்குத் தெரியாமல் இல்லை. போர்க்காலம், எல்லாமே ரேஷன். வீட்டில் இல்லாத ஒருவருக்கு ரேஷன் கார்டு கிடையாது. ஆகவே ஒருவருக்கு அளந்து கொடுத்த சாப்பாடு இரண்டு வயிற்றுக்கு. அதில் ஒன்று வளர்கிற வயதுப் பையனின் வயிறு.

குடிலில் இருந்த சின்னஞ்சிறு அடைப்புதான் ஹன்ஸின் உலகம். சத்தம் போடக் கூடாது. பகலில் வெளியே தலைகாட்டக் கூடாது. அவருக்குச் சுதந்திரமான நேரம் என்று ஒன்று இருந்தது. கேட்டால் விசித்திரமாக இருக்கும். குண்டு வீச விமானங்கள் வரும் நேரம்! சைரன் ஊதியதும் அக்கம்பக்கத்தார் எல்லாம் பதுங்கு இடங்களுக்கு ஓடிவிடுவார்கள். பார்க்க ஆள் இருக்காது. ஹன்ஸ் வெளியே வந்து நின்று மூச்சு விடுவார். ஊரே எதைக் கண்டு நடுங்கியதோ, அதன் சத்தம்தான் அவருக்குத் தைரியம் கொடுத்தது.

துணைக்கு வானொலி. லண்டன் ஒலிபரப்பை ரகசியமாகக் கேட்டார். எதிரி நாட்டு வானொலியைக் கேட்பதே அன்றைக்குப் பெரிய குற்றம். ஒளிந்திருப்பதே மரண தண்டனைக்குச் சமம் என்றான பிறகு அதை யார் பொருட்படுத்தப்போகிறார்கள்? பக்கத்துத் தோட்டத்து எம்மா ஹார்ன்ட் என்பவருக்கும் ரகசியம் தெரியும். அவர் காட்டிக்கொடுக்கவில்லை, உதவியும் செய்தார்.

1944-இல் இடா யாவ்ஹ் நோயில் இறந்துபோனார். ஹன்ஸுக்கு இருந்த ஒரே கூரையும் போனது. அதே குடியிருப்பில் இருந்த மரியா ஷூனபெக் என்ற பெண்மணியிடம் போய் நின்றார். அவரும் கதவைச் சாத்தவில்லை.

ஹிட்லர் வருவதற்கு முன் பெர்லினில் சுமார் 1,60,000 யூதர்கள் இருந்தார்கள். நகரத்துக்குள்ளேயே ஒளிந்திருந்து உயிர் பிழைத்தவர்கள் ஏறத்தாழ 1,700 பேர். அவர்களில் ஒருவர் ஹன்ஸ்.

பிழைத்த நாளிலேயே சாகப் பார்த்தார் என்பது இன்னொரு கதை. 1945 ஏப்ரல் கடைசியில் சோவியத் படை பெர்லினுக்குள் நுழைந்தது. இனி பயமில்லை என்று, எந்த மஞ்சள் நட்சத்திரத்தை யூதர்கள் சட்டையில் தைத்துக்கொள்ள வேண்டும் என்று நாஜிக்கள் கட்டாயப்படுத்தினார்களோ, அதையே அடையாளமாகக் குத்திக்கொண்டு அந்த வீரர்களை நோக்கிப் போனார். வீரர்கள் துப்பாக்கியை நீட்டினார்கள்! மைதானெக் வதைமுகாமை விடுவித்தபோது, அங்கிருந்த நாஜிக் காவலர்கள் தப்பிப்பதற்காக யூத நட்சத்திரத்தைக் குத்திக்கொண்டு நின்றதை அவர்கள் பார்த்திருந்தார்கள். இவனும் அப்படி ஒருவன் என்று நினைத்துவிட்டார்கள். நல்லவேளையாக வந்து சேர்ந்த ஓர் அதிகாரி யூதர். ‘ஷெமா’ பிரார்த்தனையைச் சொல்லிக் காட்டச் சொன்னார். யூதப் பிள்ளைகள் சின்ன வயதிலேயே கற்றுக்கொள்ளும் பிரார்த்தனை அது. ஹன்ஸ் சொன்னார். துப்பாக்கி தாழ்ந்தது.

மைக்கைத் தேடிப் போனவர்

இருபது வயது. அப்பா, அம்மா, தம்பி யாரும் இல்லை. படிப்பு பாதியில் நின்றது. உயிரோடு இருந்த யூதர்களில் பலர் ஜெர்மனியே வேண்டாம் என்று அமெரிக்காவுக்கும் பாலஸ்தீனத்துக்கும் கிளம்பினார்கள். அதைக் குறை சொல்ல யாருக்கும் வாய் வராது. ஹன்ஸ் நேராக பெர்லின் வானொலி நிலையத்துக்குப் போய்ப் பயிற்சியாளராகச் சேர்ந்தார். ஆரம்பகால வேலைகளில் ஒன்று, லெஸ்ஸிங் எழுதிய ‘ஞானி நாதன்’ நாடகத்தின் வானொலி வடிவத்துக்கு உதவி இயக்குநர் வேலை. ஒரு யூத வணிகரை நல்லவராகக் காட்டியதற்காகவே நாஜி காலத்தில் மேடையேற்ற முடியாமல் இருந்த 18-ஆம் நூற்றாண்டு நாடகம் அது.

அதே நிலையத்தில் வேலை பார்த்த டிராவ்டலைக் காதலித்து 1947-இல் கல்யாணம் செய்துகொண்டார். ஒரு மகள், ஒரு மகன். மகனுக்கு வைத்த பெயர் கெர்ட்.

பெர்லின் வானொலி சோவியத் கட்டுப்பாட்டில் இருந்தது. எதைச் சொல்லலாம், எதைச் சொல்லக் கூடாது என்று மேலிருந்து வந்த உத்தரவுகள் அவருக்கு ஒத்துவரவில்லை. அப்படிப்பட்ட ஒரு வானொலியைத்தான் பன்னிரண்டு வருடம் கேட்டாயிற்றே! 1948-இல் அமெரிக்கப் பகுதியில் இருந்த ‘ரியாஸ்’ வானொலிக்கு மாறினார். அங்கேதான் உண்மையான ரோசென்தால் உருவானார். விடுகதை, வினாடி வினா, விளையாட்டுப் போட்டி என்று வரிசையாக நிகழ்ச்சிகள். பின்னாளில் பொழுதுபோக்குப் பிரிவுக்கே தலைவர்.

‘ஒருவர் எதிர் எல்லாரும்’ என்று பொருள்படும் பெயரில் ஒரு வானொலி நிகழ்ச்சி நடத்தினார். நேயர் ஒருவர் கேள்வி கேட்பார். ஒரு முழு ஊரே சேர்ந்து விடை தேட வேண்டும். இணையம் இல்லாத காலம். ஊர் மொத்தமும் ஒரு கேள்விக்காக ஓடித் திரியும்.

எல்லாவற்றையும் விட நீண்ட ஆயுள், 1965 மார்ச்சில் தொடங்கிய ‘இசைக்கும் ஞாயிறு விடுகதை’க்குத்தான். சில இசைத் துணுக்குகளைப் போடுவார்கள். ஒவ்வொன்றின் விடையிலிருந்தும் ஓர் எழுத்தை எடுத்துச் சேர்த்தால் ஒரு சொல் கிடைக்கும். கண்டுபிடித்து கார்டில் எழுதி அனுப்ப வேண்டும். மிக எளிமையான விளையாட்டு. ஆனால் பெர்லினுக்கு நடுவே சுவர் எழும்பி நான்கு ஆண்டு ஆகியிருந்தது. வானொலி அலைக்குச் சுவர் ஒரு தடையில்லை. கிழக்கே இருந்தவர்களும் ஞாயிற்றுக்கிழமை ரேடியோவைச் சுற்றி உட்கார்ந்து எழுத்துகளைச் சேர்த்தார்கள். கிழக்கு ஜெர்மன் அரசுக்கு ரியாஸ் ஒரு எதிரி நிலையம். அதற்கு விடை எழுதிப் போட்டு மாட்டிக்கொண்டால் வம்பு. விடை தெரிந்தும் அனுப்ப முடியாத குடும்பங்கள் எத்தனையோ. அடுத்த ஞாயிறு விடையைச் சொல்லும்போது தங்களுக்குள் சிரித்துக்கொள்வதுதான் அவர்களுக்குப் பரிசு.

லண்டனின் குரலை ஒளிந்திருந்து கேட்டவர், இப்போது ஒளிந்து கேட்பவர்களுக்கான குரலாக இருந்தார். 22 ஆண்டுகள் அந்த நிகழ்ச்சியை அவரே நடத்தினார். டி.வி. புகழ் வந்த பிறகும் இதை விடவில்லை.

டி.வி.க்கு வந்தது 1960-களில். இசட்.டி.எஃப். தொலைக்காட்சியில் ஒரு வினாடி வினா. அதன் பிறகு 1971 மே 13 அன்று ‘டல்லி டல்லி’. நேரலையில் வேகமாகப் பேசுவார், வேகமாக நகர்வார். ஆனால் மதிப்பெண் விஷயத்தில் மட்டும் கண்டிப்பு. போட்டியாளர் எவ்வளவு பெரிய ஆளானாலும் சொன்ன பதிலையே திருப்பிச் சொன்னால் நடுவர்கள் அதை வெட்டிவிடுவார்கள். கால்பந்துப் பைத்தியம் வேறு. 1965 முதல் 1973 வரை டென்னிஸ் போருசியா பெர்லின் என்ற கால்பந்து கிளப்புக்குத் தலைவராகவும் இருந்தார். (கிளப்பின் பெயரில் டென்னிஸ் இருந்தாலும், ஊர் அறிந்தது அதன் கால்பந்து.)

கறுப்பு சூட்

இனி அந்த வியாழக்கிழமைக்கு வரலாம்.

1978 நவம்பர் 9, அந்தக் கொடூர இரவின் 40-வது ஆண்டு நினைவு நாள். கொலோன் நகரத்துத் தொழுகைக்கூடத்தில் நினைவு நிகழ்ச்சி. பிரதமர் ஹெல்முட் ஷ்மிட்டே வந்து பேசுகிறார். ஜெர்மனியில் உள்ள யூதர்களின் மத்தியக் குழுவில் நிர்வாகப் பொறுப்பில் இருந்த ரோசென்தாலும் அங்கே இருந்தாக வேண்டும். அதே நாள் இரவு டி.வி.யில் அவர் துள்ளிக் குதிக்க வேண்டும் என்கிறது நிகழ்ச்சிப் பட்டியல்.

தேதியை மாற்றச் சொல்லிக் கேட்டார். நிறுவனம் மறுத்துவிட்டது.

இன்று இதைப் படிக்கும்போது கோபம் வருவது இயல்பு. அன்றைக்கு அது பலருக்கு உறுத்தவே இல்லை. போர் முடிந்து முப்பது ஆண்டு ஆகிவிட்டது, வீடு கட்டியாயிற்று, கார் வாங்கியாயிற்று, பழசை ஏன் கிளற வேண்டும் என்பதுதான் பல வீடுகளின் மனநிலை. அந்த வீடுகளுக்குப் பிடித்த முகம்தான் ரோசென்தால். எப்போதும் சிரிக்கிற முகம். அந்தச் சிரிப்புக்குப் பின்னால் ஒரு தம்பி இருக்கிறான் என்பதைக் கேட்க நிறையப் பேர் தயாராக இல்லை. அவரும் அந்த மேடையில் அதைப் பற்றிப் பேசியவர் இல்லை.

என்ன செய்ய முடியும்? வேலையை உதறிவிட்டுப் போயிருக்கலாம். போகவில்லை. அன்று இரவு கறுப்பு சூட்டில் வந்தார். இடையிடையே வரும் துள்ளல் பாட்டுகளுக்குப் பதிலாக ஓபரா இசை ஒலிக்கும்படி பார்த்துக்கொண்டார். ஏன் என்று விளக்கம் கொடுத்து நிகழ்ச்சியைப் பிரசங்க மேடையாக ஆக்கவில்லை. புரிந்தவர்களுக்குப் புரிந்திருக்கும்.

அவர் இன்னும் வெளிப்படையாக எதிர்த்திருக்க வேண்டும் என்று சொல்பவர்களும் உண்டு. சொல்வது சுலபம். பதினேழு வயதில் இரண்டு ஆண்டு சத்தமே போடாமல் இருந்து உயிரைக் காப்பாற்றிக்கொண்ட ஒருவர், 53 வயதில் எவ்வளவு சத்தம் போட வேண்டும் என்பதை வெளியே இருப்பவர்கள் எப்படி அளக்க முடியும்?

அதற்கு இரண்டே மாதம் கழித்து, 1979 ஜனவரியில், ‘ஹோலோகாஸ்ட்’ என்ற அமெரிக்கத் தொடர் மேற்கு ஜெர்மன் டி.வி.யில் வந்தது. கோடிக்கணக்கானோர் பார்த்தார்கள். அப்பா, தாத்தாவிடம் பிள்ளைகள் கேள்வி கேட்க ஆரம்பித்தார்கள். மறு ஆண்டு, 1980-இல், ரோசென்தாலின் சுயசரிதை வெளியானது. ‘ஜெர்மனியில் இரண்டு வாழ்க்கைகள்’ என்பது தலைப்பின் பொருள். குதிக்கிற மனிதரின் முதல் வாழ்க்கையைப் பல வாசகர்கள் அதில்தான் முழுசாகத் தெரிந்துகொண்டார்கள். ஐம்பது போஸ்ட் கார்டு கதையும் அதில் இருக்கிறது.

இத்தனைக்குப் பிறகும் இந்த நாட்டில் எப்படி இருக்க முடிந்தது என்ற கேள்விக்கும் அவர் பதில் வைத்திருந்தார். இடா, மரியா, எம்மா. அந்த மூன்று பெண்களால்தான் ஜெர்மனியில் மனக்கசப்பில்லாமல் வாழ முடிந்தது என்பதே அவர் சொன்னதன் சாரம். மூவரில் யாரும் பிரபலமானவர்கள் இல்லை. காய்கறித் தோட்டத்து மனிதர்கள்.

1986 செப்டம்பர் 11 அன்று ‘டல்லி டல்லி’யின் 153-வது நிகழ்ச்சி. அதுவே கடைசி. வயிற்றில் புற்றுநோய். 1987 பிப்ரவரி 10 அன்று பெர்லினில் காலமானார். வயது 61. கஷ்டத்தில் இருக்கும் குடும்பங்களுக்கு உதவுவதற்காக அவர் பெயரில் ஓர் அறக்கட்டளை தொடங்கினார்கள். ஞாயிறு விடுகதையை வேறொருவர் எடுத்து நடத்தினார். சுவர் விழுந்த பிறகும் அது தொடர்ந்தது. அப்போது கிழக்கே இருந்தவர்கள் தைரியமாகக் கார்டு போட முடிந்தது. ‘டல்லி டல்லி’யையும் பிற்காலத்தில் வேறு தொகுப்பாளர்களை வைத்துத் திரும்பக் கொண்டுவந்து பார்த்தார்கள். பழைய நிகழ்ச்சியின் இடம் அதற்குக் கிடைக்கவில்லை.

2025-இல் அவருடைய நூறாவது பிறந்த நாள். அதையொட்டி ‘ரோசென்தால்’ என்ற திரைப்படம் டி.வி.யில் வந்தது. ஃப்ளோரியான் லூகாஸ் ரோசென்தாலாக நடித்திருந்தார். கதையின் மையம் எது தெரியுமா? 1978-இல் அந்தத் தேதியை மாற்றச் சொல்லிக் கேட்டதும், முடியாது என்று நிறுவனம் சொன்னதும்தான். படத்தை ஒளிபரப்பியது, அன்று மறுத்த அதே இசட்.டி.எஃப்.

பெர்லினில் பழைய ரியாஸ் வானொலிக் கட்டடம் இன்னும் இருக்கிறது. வேறு வானொலி இப்போது அங்கே இயங்குகிறது. வாசலில் உள்ள சதுக்கத்துக்கு 1993-இல் ‘ஹன்ஸ் ரோசென்தால் சதுக்கம்’ என்று பெயர் வைத்துவிட்டார்கள். அந்த வானொலிக்கு யார் கார்டு எழுதிப் போட்டாலும் முகவரியில் அவர் பெயரை எழுதித்தான் ஆக வேண்டும்.